நூற்றுப் பதிமூன்றாம் தாள்

அந்தத் தெருவில் எல்லோருக்கும் அவள் டீச்சர்தான். பால்காரர் டீச்சர் என்பார். எதிர்வீட்டுத் தையற்காரம்மா டீச்சர் என்பாள். நர்சிங் படிக்கும் சொந்த மகளே கோபம் வந்தால் "சரிங்க டீச்சர்" என்பாள். புதிதாகக் குடிவந்தவர்கள் மட்டும் விவரம் தெரியாமல், "எந்த ஸ்கூல்ல இருக்கீங்க டீச்சர்?" என்று கேட்டுவிடுவார்கள்.

"இன்னும் சொல்லலை," என்பாள்.

ஏதோ இடமாற்றம் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டு அவர்கள் போய்விடுவார்கள். அவள் தேர்வாகி ஒன்பது வருஷம் ஆகிறது, எந்தப் பள்ளிக்கூடம் என்று சொல்ல வேண்டியவர்கள் இன்னும் சொல்லவில்லை என்பது அவர்களுக்கு எப்படித் தெரியும்.

சொல்லப்படாத அந்த ஒன்பது வருஷமும் அவள் புருஷனின் பைண்டிங் கடையில்தான் கழிந்தது. கடை என்றால் வீட்டின் முன்னறைதான். அரசாங்க அலுவலகங்களின் பின்வாசல் அந்தத் தெருவில்தான் திறக்கும். பழைய ரெஜிஸ்டர்கள், வருகைப் பதிவேடுகள், கட்டுக் குலைந்த கோப்புகள் எல்லாம் அந்த வாசல் வழியாக மூட்டை மூட்டையாக வரும். அறையின் ஒரு மூலையில் இரும்பு அழுத்து இயந்திரம். இன்னொரு மூலையில் பெரிய சக்கரம் வைத்த வெட்டு மெஷின். நடுவில் நீள மேஜை. அடுப்பில் எப்போதும் மைதாப் பசை ஒரு சட்டியில் மெதுவாகக் கொதித்துக்கொண்டிருக்கும். பூச்சி அரிக்காமல் இருக்க அதில் மயில்துத்தம் போடுவார்கள் என்பதால் பசைக்கு லேசான நீல நிறம். பைண்டரின் நகக்கண்களிலும் அந்த நீலம் இருக்கும். கல்யாணத்துக்குப் போனாலும் போகாது.

பைண்டருக்குத் தொழிலில் ஒரே ஒரு விதி உண்டு. தாளில் எண்ணைப் பார்க்க வேண்டும், எழுத்தைப் பார்க்கக் கூடாது. "எழுத்தைப் பார்க்க ஆரம்பிச்சா ஊர்க் கதையெல்லாம் நம்ம தலையில ஏறிடும். அப்புறம் ஊசி எங்க போகுதுன்னு தெரியாது," என்பார். இருபத்திரண்டு வருஷமாக அந்த விதியை அவர் மீறியதில்லை.

எண் சரிபார்ப்பதுதான் புருஷனும் பெண்டாட்டியும் சேர்ந்து செய்யும் வேலை. மேஜையின் இந்தப் பக்கம் அவர், அந்தப் பக்கம் அவள். ஒற்றைப்படை எண்ணை அவர் சொல்வார், இரட்டைப்படையை அவள் சொல்வாள். தைப்பதற்கு முன் ஒரு முறை, தைத்த பிறகு ஒரு முறை. ஒருவரே எண்ணினால் கவனம் எங்கேயாவது போய்விடும். இருவர் மாறி மாறிச் சொன்னால் ஒரு தாள் தவறினாலும் குரல் தட்டும்.

"ஒண்ணு."

"ரெண்டு."

"மூணு."

"நாலு. பருப்பு இறக்கணும், இருங்க வரேன்."

தெருவில் போகிறவர்களுக்கு அது வாய்ப்பாடு ஒப்பிப்பது போலக் கேட்கும். டீச்சர் டியூஷன் எடுக்கிறாள் என்று ஒரு பேச்சுகூட உண்டு.

வேலைக்காக ஒரு வழக்கும் நடக்கிறது. அது அவளுடையது மட்டுமல்ல. அஞ்சல் வழியில் பட்டம் படித்து, தேர்வு எழுதி, பட்டியலில் பெயர் வந்த அறுபத்து நான்கு பேருடையது. அந்தப் பட்டம் செல்லுமா செல்லாதா என்று ஒரு கேள்வி எழுந்து, அதற்கு ஒரு கோப்பு திறந்து, கோப்பு மேஜை மேஜையாக நடந்தது. நான்கு வருஷத்துக்கு முன் எல்லோரும் சேர்ந்து நீதிமன்றம் போனார்கள். எட்டு வாரத்தில் முடிவெடுங்கள் என்று நீதிபதி சொன்னார். அரசுத் தரப்பு அவகாசம் கேட்டது. கிடைத்ததும் மறுபடி கேட்டது. போன வருஷம் புதிதாக ஒன்று சொன்னார்கள்: செல்லும் என்று குறிப்பு எழுதியிருக்கிறது, ஆனால் அதில் உரிய அதிகாரியின் கையெழுத்து இல்லை, அதனால் முதலிலிருந்து பரிசீலிக்கிறோம்.

அன்றைக்குத் தொடங்கியது டீச்சரின் வேண்டுதல்.

"எழுதத் தெரிஞ்ச மனுஷனுக்குக் கையெழுத்துப் போடத் தெரியாதா? யாரா இருந்தாலும் சரி, அந்தக் கையில ஒரு கொப்புளம் வரணும்."

"பெருசாவா?" என்பார் பைண்டர், ஊசியில் மெழுகு தடவியபடி.

"பெருசெல்லாம் வேண்டாம். பேனா பிடிக்க முடியாத அளவுக்கு."

"பெருவிரல்ல?"

"பெருவிரல்லதான்."

"வரட்டும். நானும் வேண்டிக்கிறேன்."

இப்போது இன்னொரு அவசரமும் சேர்ந்துவிட்டது. அடுத்த மாதம் பதினெட்டாம் தேதியோடு அவளுக்கு நாற்பத்தைந்து முடிகிறது. அதற்கு மேல் புதிதாக வேலையில் சேர்க்கமாட்டார்கள். அந்தத் தேதியை வீட்டில் யாரும் வாய்விட்டுச் சொல்வதில்லை. காலண்டரில் அந்த மாதத்தைத் திருப்புவதற்கே மகள் தயங்கினாள்.

மழை விடாமல் பெய்துகொண்டிருந்த ஒரு காலையில், பிளாஸ்டிக் உறையில் சுற்றிய ஒரு கட்டை மார்போடு அணைத்துக்கொண்டு குமாஸ்தா ஓடிவந்தார். பின்வாசல் அலுவலகத்தில் இரண்டு வருஷமாக வேலை பார்க்கும் இளைஞர். மூக்குக் கண்ணாடியில் மழைத்துளி.

"அண்ணே, சாயங்காலம் அஞ்சு மணிக்குள்ள வேணும். உயிர் போற அவசரம்."

"உங்க ஆபீஸ்லயா? அவசரமா?"

"கிண்டல் பண்ணாதீங்கண்ணே. நாளைக்குக் கோர்ட்டுக்குப் போற ஃபைல். ஒரிஜினலையே கொண்டு வாங்கன்னு ஜட்ஜ் சொல்லிட்டார். தாளெல்லாம் கழண்டு கிடக்கு. நம்பர் போட்டிருக்கேன், மொத்தம் எரநூத்தி எண்பத்தாறு. நல்லாத் தைச்சு அட்டை போட்டுக் குடுங்க."

"கோர்ட்டுல என்ன கேஸு?" என்று உள்ளிருந்து வந்த டீச்சர் கேட்டாள்.

"அது ஒரு வாத்தியாருங்க கேஸு டீச்சரம்மா. அறுபத்து நாலு பேரு. பாவம், எத்தனை வருஷமாவோ." குமாஸ்தா கண்ணாடியைச் சட்டையில் துடைத்துக்கொண்டார். "உங்க ஸ்கூல்ல யாராவது இருந்தாலும் இருப்பாங்க."

டீச்சர் புருஷனைப் பார்த்தாள். புருஷன் பசைச் சட்டியைப் பார்த்தார். குமாஸ்தா குடையில்லாமல் மறுபடி மழைக்குள் ஓடினார்.

கட்டு மேஜையில் இருந்தது. இருவரும் அதைத் தொடவில்லை.

"இதானே?" என்றாள்.

"இதான்."

"இவ்வளவுதானா? நான் ஒரு அலமாரி அளவுக்கு இருக்கும்னு நினைச்சேன்."

"திருப்பிக் குடுத்துடலாமா? நம்ம கேஸு, நாம தைக்கக் கூடாதுன்னு..."

"குடுத்தா வேற யாரு தைப்பா? கோணலாத் தைச்சுத் தாளு கிழிஞ்சுதுன்னா அதுக்கு ஒரு அவகாசம் கேப்பாங்க." முந்தானையை இடுப்பில் செருகினாள். "நம்பரைப் பாரு, எழுத்தைப் பாக்காதே. உங்க விதிதானே. நான் ஒரு எழுத்தைக்கூடப் பாக்க மாட்டேன். பாத்தா நாளைக்கு நம்ம வக்கீலம்மா முகத்துல முழிக்க முடியாது. உங்களால முடியுமா?"

"இருபத்திரண்டு வருஷமா என்ன பண்றேன்?"

"இருபத்திரண்டு வருஷமா என் ஃபைல் வரலையே."

எதிரெதிராக உட்கார்ந்தார்கள். அவள் கண்ணைத் தாளின் வலது மேல் மூலையிலேயே வைத்துக்கொண்டாள். குதிரைக்குக் கண்பட்டை கட்டுவது போல இரண்டு கையையும் கன்னத்தருகே வைத்து மறைத்துக்கொண்டதைப் பார்த்து அவருக்குச் சிரிப்பு வந்தது. சிரிக்கவில்லை.

"ஒண்ணு."

"ரெண்டு."

வெளியே மழை சீராக விழுந்தது. எண்கள் அதோடு சேர்ந்து போயின. ஐம்பது தாண்டியது, நூறு தாண்டியது.

"நூத்திப் பதினொண்ணு."

"நூத்திப் பன்னெண்டு."

அடுத்த எண் வரவில்லை.

அவள் நிமிர்ந்தாள். பைண்டர் தாளைக் கையில் பிடித்திருந்தார். அவர் கட்டைவிரல் தாளின் வெளி ஓரத்தில் மேலிருந்து கீழாக நகர்ந்து, ஓரிடத்தில் நின்றது.

"என்ன, தாள் இல்லையா?"

"இருக்கு." தொண்டையைச் செருமினார். "நூத்திப் பதிமூணு."

"நூத்திப் பதினாலு," என்றாள் அவள், அவரைப் பார்த்துக்கொண்டே.

இருநூற்று எண்பத்தாறு வரை ஒழுங்காகப் போய் முடிந்தது. அவள் டீ போட உள்ளே போனாள். திரும்பி வந்தபோது அவர் நூற்றுப் பதிமூன்றாம் தாளை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துக்கொண்டிருந்தார். எழுத்தைப் படித்துக்கொண்டிருந்தார்.

"என்னங்க இது," என்றாள். அதட்டவில்லை. பயந்துபோயிருந்தாள்.

"உக்காரு."

"நீங்க படிக்கிறீங்க."

"உக்காரு டீச்சர்."

உட்கார்ந்தாள். டீ டம்ளர்களை எங்கே வைப்பது என்று தெரியாமல் இரண்டையும் கையிலேயே வைத்திருந்தாள்.

"மூணு வருஷத்துக்கு முன்னாடி மழைக்காலத்துல நம்ம மெஷின் கத்தியில பல்லு போச்சே, ஞாபகம் இருக்கா? யாரோ ஃபைல்ல ஸ்டேப்பிள் பின்னை எடுக்காம விட்டு, கத்தி அதுல மாட்டி."

"ரெண்டு மாசம் சாணை பிடிக்க ஆள் கிடைக்கலை."

"அந்த ரெண்டு மாசமும் எதை வெட்டினாலும் ஓரத்துல ஒரு கோடு விழும். நடுவுக்குக் கொஞ்சம் கீழே, மயிரிழை மாதிரி மேடா. கண்ணுக்குத் தெரியாது, விரலுக்குத் தெரியும்." தாளை நீட்டினார். "தடவிப் பாரு."

டம்ளர்களை வைத்துவிட்டு அவள் தடவினாள். இருந்தது.

"இதை நாமதான் தைச்சிருக்கோம். தையல் ஓட்டைகூட என் அளவுதான். அப்புறம் பிரிச்சு மேல மேல தாள் சேர்த்திருக்காங்க. இந்தத் தாள் மட்டும் மத்ததைவிட அகலம் போலிருக்கு. வெளிய நீட்டிக்கிட்டு இருந்திருக்கும். ஒழுங்கா இருக்கணும்னு..." அவர் குரல் இறங்கியது. "மூணு நூல் அளவு, அரை அங்குலத்துக்குக் கொஞ்சம் கம்மியா, வெட்டியிருக்கேன்."

"வெட்டினா?"

"தாளுல அடி வரைக்கும் எழுதிட்டு, இடமில்லாம ஓரத்துல கையெழுத்துப் போட்டிருக்கார். பாரு, ஒரு வால் மட்டும் நிக்குது. எண்ணும்போது அதுதான் கண்ணுல பட்டுது. தேதியில முதல் கோடு மட்டும் இருக்கு. மிச்சம் போச்சு." அவர் தாளை மேஜையில் வைத்தார். "அந்த மனுஷன் கையெழுத்துப் போட்டுத்தான் இருக்கார். நான்தான் வெட்டிட்டேன்."

மழைச் சத்தம் திடீரென்று அறைக்குள் வந்துவிட்டது போல இருந்தது. பசை கொதித்துப் பொங்கி அடுப்பில் வழிந்தது. யாரும் எழுந்து போகவில்லை. பிறகு அவள் எழுந்து போய் அணைத்தாள். அப்படியே உள்ளே போனாள். பாத்திரம் கழுவும் சத்தம் கேட்டது. ஏற்கனவே கழுவி வைத்த பாத்திரங்கள்.

பைண்டர் கோப்பைத் தைத்தார். அப்படி ஒரு தையலை அவர் போட்டதில்லை. ஒவ்வொரு இழுப்பையும் இரண்டு முறை இழுத்துப் பார்த்தார். மதியம் அவள் சோறும் முட்டைப் பொரியலும் கொண்டுவந்து மேஜை ஓரத்தில் வைத்தாள். முட்டையில் உப்பு இல்லை. அவர் கேட்கவில்லை.

தைத்த பிறகு எண்ணிப் பார்க்க வேண்டும். கூப்பிடுவதா வேண்டாமா என்று அவர் யோசித்துக்கொண்டிருந்தபோது அவளே வந்து எதிரில் உட்கார்ந்தாள்.

"ஒண்ணு," என்றார் மெதுவாக.

"ரெண்டு."

அன்று மதியம் முழுவதும் அவள் அவரிடம் பேசியது இரட்டைப்படை எண்கள் மட்டும்தான். முப்பத்தாறில் குரல் கல் போல இருந்தது. எழுபதில் கொஞ்சம் நடுங்கியது. நூற்றுப் பன்னிரண்டைச் சொல்லிவிட்டு அவள் காத்திருந்தாள்.

"நூத்திப் பதிமூணு," என்றார். தலை நிமிரவில்லை.

அவள் சொல்ல வேண்டிய எண் வர நேரமாயிற்று. வந்தபோது அழுகையா சிரிப்பா என்று தெரியாத ஒரு குரலில் வந்தது.

கடைசியில், "எரநூத்தி எண்பத்தாறு," என்றாள். கையை நீட்டினாள். "பெருவிரலைக் காட்டுங்க."

காட்டினார். ஊசி தள்ளித் தள்ளிக் காய்த்துப்போன விரல். அதன் நடுவில், இன்றைக்கு அழுத்தி இழுத்ததில், புதிதாக ஒரு கொப்புளம்.

"ஒரு வருஷமா ரெண்டு பேரும் சேர்ந்து வேண்டிக்கிட்டது," என்றாள். "வராம எங்க போகும்."

அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சிரித்துக்கொண்டே கண்ணைத் துடைத்தாள். அவர் மட்டும் சிரிக்கவில்லை.

"உன் மூணு வருஷத்தை வெட்டிட்டேன்."

"மூணு நூலைத்தான் வெட்டினீங்க. மூணு வருஷத்தை வெட்டினது யாருன்னு நாளைக்கு ஜட்ஜ் கேக்கட்டும்." எழுந்தாள். "வக்கீலம்மாவுக்கு நான் போன் போடறேன். நீங்க பேசுங்க."

"சொன்னா இந்த ஆபீஸ் வேலை இனிமே நமக்கு வராது."

"தெரியும்."

"பாதி வேலை அங்கேயிருந்துதான்."

"தெரியும்னு சொல்றேன்ல. பேசறீங்களா, இல்ல நானே பேசட்டுமா?"

அவர் பேசினார்.

ஐந்து மணிக்குக் குமாஸ்தா வந்தார். கோப்பைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"தையல் பிரமாதம்ணே. ஆனா ஓரம் வெட்டலையே? பிசிறாத் தெரியுதே."

"வெட்டறதில்லை தம்பி. இனிமே எந்த ஆபீஸ் ஃபைலையும் வெட்டறதில்லை." நூற்றுப் பதிமூன்றாம் தாளைத் திறந்து காட்டி, நடந்ததைச் சொன்னார். நாளைக்குக் கோர்ட்டிலும் இதைச் சொல்லப்போவதாகச் சொன்னார்.

குமாஸ்தாவுக்கு முகம் வெளுத்தது. "அண்ணே, உங்களுக்கு எதுக்கு இந்த வேலை? யாரோ வாத்தியாருங்க கேஸு. நீங்க கூண்டுல ஏறினா நாளைக்கு எங்க சார் உங்களை வாசல்ல சேர்க்க மாட்டார். பேசாம இருங்க. யாருக்குத் தெரியப் போகுது?"

"யாரோ இல்லை தம்பி," என்றாள் டீச்சர். "முப்பத்தேழாவது பேர் நான்தான்."

குமாஸ்தா அவளைப் பார்த்தார். பிறகு கோப்பின் அட்டையைப் பார்த்தார். அவள் பெயரை ஒரு முறை முழுதாக, தலைப்பெழுத்தோடு, வாய்க்குள் சொல்லிப் பார்த்தார்.

"அது நீங்களா டீச்சரம்மா? அந்தப் பேரை நான் நாலு வாட்டி டைப் அடிச்சிருக்கேன். ஒவ்வொரு அவகாச மனுவுக்கும்." ஸ்டூலில் உட்கார்ந்துவிட்டார். "நீங்க ஸ்கூல்ல இருக்கீங்கன்னு இல்ல நினைச்சேன்."

"எல்லாரும் அப்படித்தான் நினைக்கிறாங்க. டீ குடிக்கிறீங்களா?"

குடித்தார். போகும்போது வாசலில் நின்று, "அண்ணே, தாளைத் தடவிக் காட்டும்போது ஜட்ஜையும் தடவிப் பார்க்கச் சொல்லுங்க. கண்ணால பார்த்தா நம்ப மாட்டாங்க," என்றார். கோப்பைச் சட்டைக்குள் வைத்துக்கொண்டு ஓடினார்.

மறுநாள் காலை மகள் அப்பாவின் சட்டைக்கு இஸ்திரி போட்டாள்.

"நகத்தைக் கொஞ்சம் தேய்ச்சுக் கழுவுப்பா. விஷம் குடிச்ச மாதிரி நீலமா இருக்கு."

"இருக்கட்டும்டி. பைண்டர்னு நம்பணும்ல."

வழக்கறிஞர் முப்பது வயதுப் பெண். காதில் எப்போதும் ஒரு பென்சில். நீதிமன்றத் தாழ்வாரத்தில் நின்றபடியே பிரமாணப் பத்திரத்தை முடித்து அவரிடம் கையெழுத்து வாங்கினாள்.

"கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்லுங்க சார். 'எல்லாம் என்னாலதான்'னு அழுதுடாதீங்க."

"அழமாட்டேம்மா."

"அழுவார்," என்றாள் டீச்சர்.

வழக்கு எண் நாற்பத்தொன்று. பெஞ்சில் இடமில்லாமல் சுவரோரம் நின்றார்கள். மின்விசிறிகள் ஈரக் காற்றைச் சுற்றிக்கொண்டிருந்தன. பன்னிரண்டரைக்குக் கூப்பிட்டார்கள். அரசு வழக்கறிஞர் எழுந்து, கோப்பு பரிசீலனையில் இருக்கிறது, இன்னும் ஆறு வாரம் வேண்டும் என்று ஆரம்பித்தார். அவர் பக்கத்தில் நின்ற குமாஸ்தா தன் செருப்பைப் பார்த்துக்கொண்டிருந்தார். வக்கீலம்மா எழுந்து பத்திரத்தை நீட்டினாள். நீதிபதி படித்தார். கண்ணாடியைக் கழற்றிவிட்டு இன்னொரு முறை படித்தார்.

"யாரு இந்த பைண்டர்?"

பைண்டர் முன்னால் போனார். நடை தெரியாதவர் போல நடந்தார்.

"நீங்க எவ்வளவு வெட்டுவீங்க?"

"மூணு நூலுங்க ஐயா. தாள் ரொம்பப் பிசிறா இருந்தா நாலு."

"வெட்டறதுக்கு முன்னாடி என்ன எழுதியிருக்குன்னு பார்க்க மாட்டீங்களா?"

"எழுத்தைப் பார்க்கக் கூடாதுங்க. அதான் தொழில் விதி. நம்பர் மட்டும்தான்."

"இது உங்க வெட்டுதான்னு எப்படிச் சொல்றீங்க?"

பைண்டர் கத்தியின் கதையைச் சொன்னார். பிறகு கோப்பைத் திறந்து, அந்தத் தாளின் ஓரத்தில் விரலை ஓட்டி நிறுத்தினார். "ஐயா தொட்டுப் பார்க்கணும். கண்ணுக்குத் தெரியாது."

கோப்பு மேலே போனது. நீதிபதி தன் சுட்டுவிரலால் மெதுவாகத் தடவினார். அறை முழுவதும் அந்த விரலைப் பார்த்தது. விரல் நின்றது. முன்னால் இருந்த தாள்களையும் தடவினார். நின்றது. பிறகு சேர்த்த, நூற்று முப்பதுக்கு மேல் உள்ள தாள்களைத் தடவினார். வழுக்கிக்கொண்டு போனது.

"இந்த வழக்குல முப்பத்தேழாவது மனுதாரர் உங்களுக்கு என்ன வேணும்?"

"சம்சாரங்க."

"அவங்களுக்குச் சாதகமாச் சொல்றீங்கன்னு எதிர்த்தரப்பு சொல்லும்."

"சொல்லட்டுங்க ஐயா. தப்பு நான் செஞ்சது. அவங்களுக்குச் சாதகமா நான் செஞ்சிருந்தா மூணு வருஷம் முன்னாடியே..." அவர் குரல் உடைந்தது. சுவரோரம் டீச்சர் 'சொன்னேன்ல' என்பது போல உதட்டைக் கடித்துக்கொண்டாள்.

நீதிபதி அரசு வழக்கறிஞரிடம் திரும்பினார். "கையெழுத்து இல்லைன்னு முதல்ல எழுதினது யாரு?"

"அப்போதைய பிரிவு அலுவலர். இப்போது மாறுதலாகிப் போய்விட்டார்."

"இந்தக் குறிப்பு எழுதின அதிகாரி?"

"ஓய்வு பெற்றுவிட்டார்."

"இந்த ஊர்லதான் இருக்காரா?"

அரசு வழக்கறிஞர் குமாஸ்தாவைப் பார்த்தார். குமாஸ்தா தலை நிமிர்ந்தார். "இருக்கார் ஐயா. ரெண்டு தெரு தள்ளித்தான் வீடு. மாசா மாசம் ஓய்வூதிய வேலைக்கு எங்க ஆபீசுக்கு வருவார்."

யாரோ சிரித்து அடக்கிக்கொண்டார்கள். நீதிபதி சிரிக்கவில்லை.

"ஒரு பைண்டர் ஓரத்தை வெட்டினார். அது எனக்குப் புரியுது. அதுக்கப்புறம் இது ஏழு மேஜைக்குப் போயிருக்கு. ஏழு பேர்ல ஒருத்தர், 'ஐயா, இந்த வால் உங்க கையெழுத்துதானா'ன்னு அவரைக் கேட்டிருந்தா முடிஞ்சிருக்கும். மாசா மாசம் வந்திருக்கார். டீகூடக் குடுத்திருப்பீங்க. இதுக்குப் பேர் பரிசீலனையா?"

நீதிபதி சொல்லச் சொல்ல எழுதிக்கொண்டார்கள். அந்த அதிகாரியிடம் ஒரு வாரத்தில் வாக்குமூலம் வாங்க வேண்டும். அவர் போட்டதுதான் என்றால், முடிவு மூன்று வருஷத்துக்கு முன்பே எடுக்கப்பட்டது என்று கொள்ள வேண்டும். அதிலிருந்து இரண்டு வாரத்தில் அறுபத்து நான்கு பேருக்கும் பணி ஆணை. வயதை அந்தப் பழைய தேதியில் இருந்த வயதாகவே கணக்கிட வேண்டும். இனி அவகாசம் இல்லை.

பிறகு பைண்டரைப் பார்த்தார். "நீங்க போகலாம். அந்த விதியைக் கொஞ்சம் மாத்திக்குங்க. ஓரத்துல மட்டுமாவது எழுத்தைப் பாருங்க."

"சரிங்க ஐயா."

வெளியே மழை விட்டிருந்தது. படிக்கட்டில் மற்ற மனுதாரர்கள் வந்து சூழ்ந்துகொண்டார்கள். திட்டுவார்கள் என்று பைண்டர் தலையைக் குனிந்துகொண்டு நின்றார். தலை முழுக்க நரைத்த ஒருவர், முதல் மனுதாரர், அவர் கையைப் பிடித்தார். "வெட்டினதுக்கு நாலு அறை குடுக்கணும். சொன்னதுக்கு விட்டுடறேன்," என்றார். எல்லோரும் சிரித்தார்கள். வக்கீலம்மாவின் காதிலிருந்து பென்சில் விழுந்தது.

ஓய்வு பெற்ற அதிகாரி மறுநாளே வாக்குமூலம் கொடுத்துவிட்டார் என்று குமாஸ்தா வந்து சொன்னார். கூடவே, "ஆபீஸ் வேலை உங்களுக்குக் குடுக்கக் கூடாதுன்னு சார் சொல்லிட்டார்ணே," என்றார். கையில் ஒரு பை இருந்தது. அவருடைய சொந்தப் புத்தகங்கள், போட்டித் தேர்வுக்குப் படிப்பவை. "இதைத் தைச்சுக் குடுங்க. ஓரம் வெட்டாம."

ஆணை பதினாறாம் தேதி வந்தது. உறையைப் பிரிக்க பைண்டர் கத்தியை எடுத்தார். "கத்தியைக் கீழ வைங்க," என்றாள் டீச்சர். நகத்தாலேயே ஓரமாகப் பிரித்தாள். பள்ளிக்கூடம் இரண்டு பஸ் மாறிப் போக வேண்டிய தூரம். மூன்றாம் வகுப்பு. அவள் அந்த ஒரு தாளை நின்றபடியே படித்தாள், உட்கார்ந்து படித்தாள், எதிர்வீட்டுத் தையற்காரம்மாவிடம் போய் அவள் கண்ணாடி தேடி எடுக்கும் வரை காத்திருந்து படித்துக் காட்டினாள். அன்று சாயங்காலம் மகள் காலண்டரைப் பதினெட்டாம் தேதி தெரியும்படி நேராக மாட்டினாள்.

திங்கட்கிழமை அவள் வேலைக்குப் போனாள். பைண்டர் வாசல் வரை வந்தார். பஸ் நிறுத்தம் வரை வந்தார். பஸ்ஸில் ஏறிவிடுவார் போலிருந்தது.

"கடையைத் திறந்து போட்டுட்டு வந்திருக்கீங்க," என்றாள் அவள்.

"ஆமா." திரும்பி நடந்தார்.

ஒரு நூலகத்திலிருந்து வந்த பழைய தொகுதி மேஜையில் இருந்தது. நூற்று அறுபது தாள். எதிர்ப்பக்கத்து ஸ்டூல் காலியாக இருந்தது. ஒண்ணு, என்று சொல்லிவிட்டு வழக்கம்போல நிறுத்தினார். எதிர்ப்பக்கத்திலிருந்து ஒன்றும் வரவில்லை. மூணு, என்றார். முடித்தபோது எத்தனை தாள் என்று அவருக்குத் தெரியவில்லை. மறுபடி முதலிலிருந்து எண்ணினார். அதுவும் குழம்பியது. சாயங்காலம் பார்த்துக்கொள்ளலாம் என்று கட்டை ஓரமாகத் தள்ளிவைத்தார்.

ஐந்தரைக்கு வந்தாள். சேலை முந்தானை முழுக்கச் சாக்பீஸ் தூள். குரல் கம்மிப்போயிருந்தது. செருப்பைக்கூடக் கழற்றாமல் ஸ்டூலில் உட்கார்ந்தாள்.

"எத்தனை பிள்ளைங்க?" என்றார்.

"நாப்பத்திரண்டு. பிரார்த்தனை முடிஞ்சு வரிசையா நிக்க வெச்சு எண்ணினேன்." சொல்லத் தொடங்கியதுமே அவளுக்குச் சிரிப்பு முட்டியது. "ஒவ்வொரு தலையாத் தொட்டு, வாயைத் திறந்தா ரெண்டு, நாலு, ஆறுன்னுதான் வருது. நடுவுல நிறுத்தி நிறுத்தி வேற நிக்கிறேன். எனக்கே தெரியலை. முன்வரிசையில ஒரு வாலு, பல்லு விழுந்தது, கையைத் தூக்கிக் கேக்குது: 'டீச்சர், ஒண்ணு, மூணு, அஞ்செல்லாம் எங்க டீச்சர்?'"

"நீ என்ன சொன்னே?"

டீச்சர் ஓரமாகத் தள்ளிக் கிடந்த கட்டை மேஜையின் நடுவுக்கு இழுத்தாள்.

"அதெல்லாம் வீட்டுல இருக்குன்னு சொன்னேன்," என்றாள். "ம், ஆரம்பிங்க."